கேமராவுக்கு முன்னால் சரித்திரம், பின்னால் அரசாங்கம்

பல்கேரிய இயக்குநர் லுட்மில் ஸ்டைகோவ் எடுத்த படங்கள் சில. அவை கிளப்பிய கேள்விகள் இன்னும் ஓயவில்லை.

பல்கேரியாவின் ஜனத்தொகை அப்போது 90 லட்சத்துக்குச் சற்றுக் குறைவு. 1981ல் வெளியான ஒரு படத்துக்கு அந்த நாட்டுக்குள் விற்ற டிக்கெட்டுகளோ ஒரு கோடியே பத்து லட்சத்துக்கு மேல். தொட்டில் குழந்தையையும் படுக்கையில் கிடக்கும் கிழவரையும் கணக்கில் சேர்த்தால்கூட ஆளுக்கு ஒரு தடவைக்கு மேல் பார்த்திருக்க வேண்டும். பள்ளிக்கூடப் பிள்ளைகளை வகுப்பு வகுப்பாகத் தியேட்டருக்கு அழைத்துப் போனார்கள் என்பது உண்மைதான். ஆனால் கட்டாயத்தால் மட்டும் இத்தனை டிக்கெட் விற்காது.

படத்தின் பெயர் 'கான் அஸ்பாரூக்'. இயக்குநர் லுட்மில் ஸ்டைகோவ். ஏழு ஆண்டுகள் கழித்து அவரே எடுத்த இன்னொரு சரித்திரப் படம் 'பிரிவின் காலம்'. உலகத்துக்கு அது 'வன்முறைக் காலம்' என்ற பெயரில் அறிமுகமாயிற்று. பல்கேரியத் தேசியத் தொலைக்காட்சி 2015ல் நேயர்களிடம் நடத்திய வாக்கெடுப்பில், மக்களுக்கு மிகவும் பிடித்த பல்கேரியப் படமாக முதலிடத்துக்கு வந்தது அதுதான். அந்தப் படத்தை வெறுப்பவர்களும் அதே நாட்டில் இருக்கிறார்கள். அவர்களுடைய வெறுப்புக்குத் தகுந்த காரணமும் இருக்கிறது.

எந்தச் சரித்திரப் படத்துக்கும் இரண்டு ஆண்டுகள் உண்டு. ஒன்று, கதை நடக்கும் ஆண்டு. அது டைட்டில் ஓடும்போதே திரையில் தெரிந்துவிடும். மற்றது, படம் எடுக்கப்பட்ட ஆண்டு. அது கடைசியில், யாரும் நின்று படிக்காத எழுத்துகளுக்கு நடுவே வரும். ஸ்டைகோவின் படங்களைப் புரிந்துகொள்ள இரண்டாவது ஆண்டுதான் முக்கியம்.

வெடித்த தேவாலயம்

1937ல் சோஃபியாவில் பிறந்த ஸ்டைகோவ், அங்குள்ள நாடகக் கல்லூரியில் இயக்கம் பயின்றவர். மேடையிலும் தொலைக்காட்சியிலும் பழகிய பிறகே சினிமாவுக்கு வந்தார். முதல் கதைப்படம் 'அன்பு' 1972ல் வந்தது. அதில் வாளும் இல்லை, குதிரையும் இல்லை. பெற்றோரின் உலகத்தோடு ஒத்துப்போக முடியாத ஓர் இளம்பெண்ணைப் பற்றிய சமகாலக் கதை. 1973ல் மாஸ்கோ திரைப்பட விழாவில் அதற்குத் தங்கப் பரிசு கிடைத்தது. முதல் படத்திலேயே இப்படி ஒரு பரிசு வாங்கியவருக்கு, எல்லா ஸ்டூடியோக்களும் அரசின் கையில் இருந்த நாட்டில் அடுத்த கதவுகள் தாமாகவே திறந்தன.

அடுத்து 1976ல் அவர் எடுத்த படத்தின் பெயரே ஒரு கெஜட் அறிவிப்பு மாதிரி இருந்தது: 'தேசப் பாதுகாப்புச் சட்டத்துக்கு ஒரு திருத்தம்'. திரைக்கதை ஏஞ்சல் வாகன்ஸ்டைன். இரண்டாம் உலகப் போரில் நாஜி ஆதரவு அரசுக்கு எதிராகத் தலைமறைவாகப் போராடி, மரண தண்டனை விதிக்கப்பட்டு, உயிர் தப்பிய யூதர் அவர். 1959ல் கான் விழாவில் பரிசு பெற்ற 'நட்சத்திரங்கள்' படத்துக்குக் கதை எழுதியவர்.

1925 ஏப்ரல் 16 அன்று சோஃபியாவின் செயின்ட் நெடெல்யா தேவாலயத்தில் நடந்த குண்டுவெடிப்புதான் படத்தின் களம். இரண்டு நாள் முன்பு கொல்லப்பட்ட ஒரு ஜெனரலின் இறுதிச் சடங்குக்காக அமைச்சர்களும் ராணுவ அதிகாரிகளும் கூடியிருந்தபோது, கூரைக்குள் வைக்கப்பட்ட வெடிமருந்து வெடித்தது. செத்தவர்கள் 200 பேர் அளவில். குறி வைக்கப்பட்ட முக்கியஸ்தர்களில் பலர் தப்பிவிட்டார்கள். மன்னர் போரிஸ் அன்று அங்கு வரவே இல்லை. குண்டு வைத்தது கம்யூனிஸ்ட் கட்சியின் ராணுவப் பிரிவு. பதிலுக்கு அரசு நடத்திய வேட்டையில் விசாரணையே இல்லாமல் காணாமல் போனவர்கள் ஏராளம். கவிஞர் கியோ மிலேவ் அவர்களில் ஒருவர். ஏறத்தாழ முப்பது ஆண்டுகளுக்குப் பின் ஒரு புதைகுழியைத் தோண்டியபோது, முதல் உலகப் போரில் கண்ணை இழந்த அவருடைய மண்டை ஓட்டை, அதிலிருந்த கண்ணாடிக் கண்ணை வைத்து அடையாளம் கண்டார்கள்.

1976ல் ஆட்சியிலிருந்த கட்சிக்கு இது சங்கடமான கதை. வெடித்த குண்டு தங்கள் தோழர்களுடையது. 'அதிதீவிர இடதுசாரிகளின் தவறு' என்று ஒரு வரியில் அதை ஒதுக்கி வைத்திருந்தது கட்சியின் அதிகாரபூர்வ வரலாறு. ஸ்டைகோவும் வாகன்ஸ்டைனும் அந்த ஒரு வரியை ஒரு முழுப் படமாக விரித்தார்கள். படத்தின் சாய்வு எந்தப் பக்கம் என்பதில் சந்தேகமில்லை. அதை மீறி எதுவும் வெளிவந்திருக்கவும் முடியாது. ஆனால் தங்கள் கட்சியின் கையிலும் ரத்தம் இருந்தது என்பதைத் திரையில் பார்க்கும் வாய்ப்பு பல்கேரிய ரசிகர்களுக்குக் கிடைத்தது.

நான்கு ஆண்டுகள் கழித்து வந்த 'மாயை' இன்னும் நுட்பமான விஷயம். 1923 செப்டம்பரில் நடந்து ரத்தத்தில் முடிந்த எழுச்சியின்போது கலைஞர்கள் என்ன செய்தார்கள் என்பது அதன் கேள்வி. திரைக்கதையை எழுதியவர் கான்ஸ்டான்டின் பாவ்லோவ். இவருடைய கவிதைகளை 1960களின் நடுவிலிருந்து பத்து ஆண்டுகளுக்கு மேல் நூலாகப் பதிப்பிக்க விடவில்லை அரசு. கவிதை எழுதக் கூடாதவர் திரைக்கதை எழுதலாம் என்பது அந்தக் காலத்து விசித்திரங்களில் ஒன்று. கலவர காலத்தில் கலைஞன் ஒதுங்கி நிற்க முடியுமா என்ற கேள்வி 1923க்கு எவ்வளவு பொருந்துமோ அவ்வளவு 1980க்கும் பொருந்தும். பார்த்தவர்களுக்கு அது புரியாமல் இருந்திருக்காது.

இதுவரை ஸ்டைகோவ் சிந்திக்க வைக்கும் படங்களை எடுப்பவர். பிரம்மாண்டம் என்ற சொல் அவருடன் ஒட்டிக்கொண்டது அடுத்த ஆண்டில்தான்.

பிறந்தநாள் பரிசு

1981ல் பல்கேரிய அரசுக்கு 1300வது பிறந்தநாள். 681ல் பைசாந்தியப் பேரரசு டான்யூப் நதிக்குத் தெற்கே ஒரு புதிய அரசை ஏற்றுக்கொண்டு அதற்கு ஆண்டுதோறும் கப்பம் கட்டச் சம்மதித்தது. அந்த உடன்படிக்கையே தேசத்தின் தொடக்கம் என்று வைத்துக்கொண்டு, நாடு முழுவதும் விழா எடுத்தார்கள். சோஃபியாவில் தேசியக் கலாசார மாளிகை எழுந்தது. ஷுமென் நகரத்துக் குன்றின் மேல் ராட்சதச் சிலைகளுடன் ஒரு நினைவுச் சின்னம் எழுந்தது.

இதற்கெல்லாம் சூத்திரதாரி லூத்மிலா ஜிவ்கோவா. நாட்டை ஆண்ட டோடர் ஜிவ்கோவின் மகள், கலாசாரத் துறையின் தலைவி. இந்தியாவுக்கு அவர் அந்நியர் அல்ல. இந்திரா காந்தியுடன் நட்பு, நிக்கோலஸ் ரோரிக்கின் ஓவியங்களிலும் இந்தியத் தத்துவத்திலும் ஈடுபாடு என்று, ஒரு கம்யூனிஸ்ட் நாட்டின் உச்சியில் இருந்தவருக்குப் பொருந்தாத ஆர்வங்கள் அவருக்கு இருந்தன. மார்க்சிய வாய்ப்பாட்டை விட தேசத்தின் பழம்பெருமையே மக்களை அதிகம் கட்டிப்போடும் என்பதை அவர் புரிந்துகொண்டிருந்தார். விழா ஆண்டின் நடுவில், ஜூலை 1981ல், 40 வயதைக் கூட எட்டாமல் இறந்துபோனார்.

அந்த விழாவுக்கான பிறந்தநாள் பரிசுதான் 'கான் அஸ்பாரூக்'. மூன்று பாகங்கள். ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஓடும். காஸார்களின் நெருக்குதலால் கருங்கடலுக்கு வடக்கே இருந்த தாயகத்தை விட்டு, கான் குப்ராத்தின் மகன் அஸ்பாரூக் தன் மக்களுடன் மேற்கே நடக்கிறான். டான்யூப் முகத்துவாரத்தின் சதுப்பு நிலத்தில் பைசாந்தியப் பேரரசன் நான்காம் கான்ஸ்டான்டினின் படையை எதிர்கொள்கிறான். வலிப்பாதம் தாங்காமல் பேரரசன் வெந்நீர்க் குளியலுக்குக் கிளம்ப, தலைவன் ஓடிவிட்டான் என்று நினைத்த படை சிதறியது என்பது பைசாந்திய வரலாற்றாசிரியர்களே எழுதி வைத்த சேதி.

இந்த அஸ்பாரூக்கின் தந்தையைப் பற்றிப் பல்கேரியப் பள்ளிகளில் ஒரு கதை சொல்வார்கள். சாகும் தறுவாயில் குப்ராத் தன் ஐந்து மகன்களிடமும் ஒரு கட்டுக் குச்சிகளைக் கொடுத்து உடைக்கச் சொன்னாராம். முடியவில்லை. தனித்தனியாகக் கொடுத்ததும் உடைந்தன. நம் ஊர்ப் பாட்டிகள் சொல்லும் அதே கதைதான். அங்கே அது பாட்டி கதையோடு நிற்கவில்லை. 'ஒற்றுமையே பலம்' என்பதுதான் பல்கேரிய அரசுச் சின்னத்தில் பொறித்திருக்கும் வாசகம்.

திரைக்கதை எழுத ஸ்டைகோவுக்குக் கிடைத்தவர் சாதாரண எழுத்தாளர் இல்லை. வேரா முதாஃப்சியேவா உஸ்மானிய ஆவணங்களைக் கரைத்துக் குடித்த சரித்திரப் பேராசிரியை, நாவலாசிரியையும்கூட. பல்கர்களிடையே பணயமாக வாழ நேர்ந்த வெலிஸாரியஸ் என்ற பைசாந்தியன் கண்வழியாகக் கதையை நகர்த்தினார். சொந்தப் பெருமையை அந்நியன் வாயால் சொல்ல வைக்கும் பழைய உத்தி. ஆனால் அந்தப் பாத்திரம் வெறும் சாட்சியாக நிற்கவில்லை. நாகரிகம் என்று தான் நம்பிய நகரத்துக்கும், காட்டுமிராண்டிகள் என்று தான் நினைத்த மனிதர்களுக்கும் நடுவில் அவன் தடுமாறுவதுதான் படத்தில் உயிருள்ள பகுதி.

மீதியை ராணுவம் பார்த்துக்கொண்டது. ஆயிரக்கணக்கில் சிப்பாய்கள் துணை நடிகர்களாக வந்தார்கள். இன்று கம்ப்யூட்டரில் பெருக்கிக் காட்டும் கூட்டம் அன்று நிஜமான கூட்டம். புல்வெளியின் விளிம்பு வரை நீளும் மாட்டு வண்டிகளும் குதிரைகளும் குடும்பங்களும் திரையில் நகரும்போது, ஒரு இனமே இடம் பெயர்கிறது என்ற உணர்வு வந்துவிடும். வசூலைப் பற்றிக் கவலைப்படத் தேவையில்லாத தயாரிப்பாளரால் மட்டுமே அதைச் செய்ய முடியும். அந்தத் தயாரிப்பாளர் அரசாங்கம்.

படம் அமெரிக்காவுக்கும் போயிற்று. வார்னர் பிரதர்ஸ் நிறுவனம் ஐந்து மணி நேரப் படத்தை ஒன்றரை மணி நேரச் சொச்சமாக வெட்டி, '681 ஏ.டி.: த குளோரி ஆஃப் கான்' என்ற பெயரில் ஆங்கிலத்தில் வெளியிட்டது. இடப்பெயர்ச்சியின் நீளம்தான் படத்தின் பலம். அதை வெட்டிய பின் மிஞ்சியது சண்டைக் காட்சிகள். அங்கே யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

'கான் அஸ்பாரூக்'கினால் யாருக்கும் நஷ்டமில்லை. 1300 ஆண்டுக்கு முந்தைய பைசாந்தியர்கள் வந்து புகார் செய்யப்போவதில்லை. அடுத்த படத்தின் விஷயம் வேறு. அதில் வரும் வில்லன்களின் வாரிசுகள் என்று சுட்டிக்காட்டப்பட்டவர்கள் பக்கத்துத் தெருவில் குடியிருந்தார்கள்.

ஒரு பள்ளத்தாக்கின் கதை

1964ல் அன்டன் டோன்செவ் 'பிரிவின் காலம்' என்ற நாவலை வெளியிட்டார். 41 நாளில் எழுதி முடித்ததாகச் சொல்வார்கள். கதை நடப்பது 1668ல். கிரீட் தீவைப் பிடிக்க வெனிஸுடன் உஸ்மானியப் பேரரசு நீண்ட போரில் இருந்த சமயம். ரோடோப்பி மலையில் எலிந்தென்யா என்ற பள்ளத்தாக்குக்குப் படையுடன் வருகிறான் கராஇப்ராஹிம். மலைவாசிகளான பல்கேரியக் கிறிஸ்தவர்கள் அனைவரும் இஸ்லாத்தைத் தழுவ வேண்டும், மறுத்தால் மரணம் என்பது அவன் கொண்டுவந்த உத்தரவு.

கராஇப்ராஹிம் ஒரு யானிசாரி. கிறிஸ்தவக் குடும்பங்களிலிருந்து சிறுவர்களைப் பிடித்துப்போய், மதம் மாற்றி, சுல்தானின் படைவீரர்களாக வளர்க்கும் முறை உஸ்மானியர்களிடம் இருந்தது. இவன் அப்படிப் பிடித்துப்போன பிள்ளை. பிறந்தது இதே பள்ளத்தாக்கில். அப்பா, அண்ணன், தங்கை எல்லாரும் இங்கேதான் இருக்கிறார்கள். எல்லாரையும் விடக் கொடூரமானவன் அவன்தான். தலைமுறை தலைமுறையாக அந்த வட்டாரத்தை ஆண்டு வரும் துருக்கியப் பிரபு சுலைமான் ஆகாவுக்கு இந்த ரத்தக்களரியில் விருப்பமில்லை. கதையைச் சொல்பவர்கள் இரண்டு பேர்: ஊர்ப் பாதிரியார் அலிகோர்கோ, சிறைப்பட்டு மதம் மாறிய ஒரு வெனிஸ்காரர்.

நல்ல நாவலுக்கு வேண்டிய எல்லாம் இதில் இருக்கின்றன. ஸ்டைகோவும் அவற்றை வீணாக்கவில்லை. 288 நிமிடப் படத்தை 'அச்சுறுத்தல்', 'வன்முறை' என்று இரண்டாகப் பிரித்தார். கராஇப்ராஹிமாக நடித்த யோஸிஃப் சர்ச்சாஜியேவின் முகத்தைப் பார்த்த யாரும் அதை மறக்க மாட்டார்கள். கூச்சல் கிடையாது, பல்லைக் கடிப்பது கிடையாது. தன்னிடமிருந்து பறிக்கப்பட்டதை மற்றவர்களிடமிருந்தும் பறித்தால்தான் தனக்கு நிம்மதி என்று நினைக்கும் மனிதனின் அமைதியான பிடிவாதம். ராதோஸ்லாவ் ஸ்பாசோவின் கேமரா மலையையும் பனியையும் ஒரு பாத்திரமாகவே ஆக்கிவிடுகிறது. உயிரா, நம்பிக்கையா என்ற கேள்வி வரும்போது வீரமாகச் சாகிறவர்களை மட்டும் படம் மதிக்கவில்லை. பிழைத்திருக்க வேண்டும் என்று முடிவு செய்கிறவர்களின் வேதனையும் அதற்குத் தெரியும்.

இது நிஜமாகவே நடந்ததா? நாவலும் படமும் நிற்கும் அஸ்திவாரம், மெதோதி திராகினோவ் என்ற பாதிரியார் 17ம் நூற்றாண்டில் எழுதியதாகச் சொல்லப்படும் ஒரு குறிப்பு. அதை முதலில் அச்சிட்டவர் ஸ்டெஃபான் ஸஹாரியேவ், 1870ல். மூலப் பிரதியை வெளியுலகம் கண்டதில்லை. 1984ல் இலியா டோடொரோவ் என்ற மொழியியல் அறிஞர் அந்தக் குறிப்பின் மொழியை அலசினார். அது 17ம் நூற்றாண்டு மொழியே அல்ல, தேசிய எழுச்சி மூண்ட 19ம் நூற்றாண்டில் தயாரிக்கப்பட்டது என்று காட்டினார். பெரும்பாலான ஆய்வாளர்கள் இன்று அதை ஏற்கிறார்கள்.

உஸ்மானிய ஆட்சியில் கட்டாயமே இல்லை என்று இதற்குப் பொருளல்ல. சிறுவர்களைப் பிடித்துப்போனது கட்டாயமில்லாமல் வேறென்ன? ஆனால் ரோடோப்பி மலையில் இஸ்லாம் பரவியது ஒரே ஆண்டில், ஒரே வாள்வீச்சில் அல்ல. தலைமுறைகள் பிடித்தன. முஸ்லிம் அல்லாதார் மீதான தலைவரி, வேலை வாய்ப்பு, அக்கம்பக்கம், திருமண உறவு என்று பல காரணங்கள் சேர்ந்து நடந்த காரியம் என்பதே வரிப் பதிவேடுகளைப் புரட்டியவர்களின் முடிவு. வரிப் பதிவேட்டைப் படமாக எடுக்க முடியாது என்பதும் உண்மைதான்.

பெயரைப் பறித்த குளிர்காலம்

படத்தின் இரண்டாவது ஆண்டுக்கு இப்போது வரலாம். டோன்செவ் நாவல் வெளியான 1964லேயே, பல்கேரிய மொழி பேசும் முஸ்லிம்களான போமக்குகளின் பெயர்களை மாற்றும் முயற்சி தொடங்கியிருந்தது. ரிப்னோவோ கிராமம் அந்த ஆண்டு எதிர்த்து நின்று அதிகாரிகளைத் திருப்பி அனுப்பியது. 1970களின் தொடக்கத்தில் அரசு திரும்பி வந்து காரியத்தை முடித்தது. அடுத்து, நாட்டின் மிகப் பெரிய சிறுபான்மையினரான துருக்கியர்களின் முறை.

1984 டிசம்பரில் தொடங்கி ஒரு குளிர்காலத்துக்குள் எட்டு லட்சத்துக்கு மேற்பட்டவர்களின் பெயர்களை மாற்றினார்கள். பனி மூடிய கிராமங்களைப் போலீஸும் ராணுவமும் சுற்றி வளைக்கும். வீட்டுக்காரரின் முன்னால் ஸ்லாவியப் பெயர்ப் பட்டியல் ஒன்றை வைப்பார்கள். அதிலிருந்து ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். பழைய அடையாள அட்டையைக் கொடுத்துவிட்டுப் புதியதை வாங்கிக்கொள்ள வேண்டும். இறந்துபோன தாத்தா பாட்டியின் பெயர்கள்கூடப் பதிவேடுகளில் மாறின. பொது இடத்தில் துருக்கி மொழி பேசினால் அபராதம். எதிர்த்தவர்கள் டான்யூப் நடுவே பெலெனெ தீவில் இருந்த முகாமுக்குப் போனார்கள். சிலர் சுடப்பட்டும் இறந்தார்கள்.

இதற்கு அரசு வைத்த பெயர் 'மறுமலர்ச்சி நடவடிக்கை'. சொன்ன நியாயம் இதுதான்: நீங்கள் துருக்கியர்களே இல்லை, உங்கள் முன்னோர்கள் வாள்முனையில் மதம் மாற்றப்பட்ட பல்கேரியர்கள், அன்று பறித்ததைத் திருப்பித் தருகிறோம். அந்த நியாயத்துக்கு ஐந்து மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவான சாட்சியமாக வந்து சேர்ந்தது ஸ்டைகோவின் படம். எண்பதுகளில் அவர் இயக்குநர் மட்டுமல்ல, நாட்டின் சினிமா நிர்வாகத்திலும் உயர்ந்த பொறுப்பு வகித்தவர். தற்செயலாக நடந்தது என்று சொல்ல இடமில்லை.

1988 மே மாதம் அந்தப் படம் கான் விழாவின் ஒரு பிரிவில் திரையிடப்பட்டது. நான்கு மாதம் கழித்து சியோல் ஒலிம்பிக்ஸில், ஐந்தடி உயரம்கூட இல்லாத ஒரு பளு தூக்கும் வீரர் உலகத்தைப் பிரமிக்க வைத்தார். நயீம் சுலைமானோக்லு. பல்கேரியாவில் பிறந்த துருக்கியர். 1985ல் அவரை நாவும் ஷலமானோவ் என்று ஆக்கியிருந்தார்கள். 1986 டிசம்பரில் மெல்போர்னில் நடந்த போட்டியின்போது தப்பியோடி துருக்கியில் அடைக்கலம் புகுந்தார். அவரை சியோலில் தனக்காகக் களமிறக்க பல்கேரியாவுக்கு துருக்கி பத்து லட்சம் டாலருக்கு மேல் கொடுத்தது. அவர் தங்கம் வென்றார், சொந்தப் பெயரில்.

கராஇப்ராஹிம் 1668ல் கிராமத்தைச் சுற்றி வளைக்கிறான், பெரியவர்களைப் பிடித்து வைக்கிறான், ஒவ்வொருவரிடமும் பெயரையும் நம்பிக்கையையும் கேட்கிறான். மூன்று ஆண்டுக்கு முன் அதே மாதிரி தன் ஊர் சுற்றி வளைக்கப்பட்டதைப் பார்த்த ஒரு துருக்கியர் 1988ல் தியேட்டரில் உட்கார்ந்திருந்தால், திரையில் யாரை யாராகப் பார்த்திருப்பார்? பாறை மேல் நிற்கும் கிறிஸ்தவ இடையன் அவருக்குத் தன்னைப் போலத் தெரிந்திருப்பான். கராஇப்ராஹிமின் முகத்தில் உள்ளூர் போலீஸ் அதிகாரி தெரிந்திருப்பார். தன்னைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்ற எடுத்த படத்தில் தன் கதையே ஓடுவதைக் கண்டிருப்பார். இந்தப் பொருளை அரசு உத்தேசிக்கவில்லை. ஸ்டைகோவ் உத்தேசித்தார் என்று சொல்லவும் ஆதாரம் கிடையாது. ஆனால் படத்தில் அது இருக்கிறது. பலவந்தத்தை இவ்வளவு உண்மையாகக் காட்டும் ஒரு படம், பலவந்தம் செய்கிற எவருக்கும் முழு விசுவாசமாக இருக்க முடியாது.

அடுத்து நடந்தவை வேகமானவை. 1989 மே மாதம் துருக்கியர்கள் தெருவில் இறங்கினார்கள். எல்லையைத் திறந்துவிட்டது ஜிவ்கோவ் அரசு. கோடை முடிவதற்குள் மூன்று லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் மூட்டை முடிச்சுகளுடன் துருக்கிக்குப் போனார்கள். சுற்றுலா விசாவில் போனதால் 'பெரிய சுற்றுலா' என்று அதற்குக் கேலிப் பெயர். அந்த நவம்பர் 10 அன்று ஜிவ்கோவே பதவி இழந்தார். டிசம்பர் கடைசியில் பெயர்களைத் திரும்ப வைத்துக்கொள்ள அனுமதி வந்தது. 2012 ஜனவரியில் பல்கேரிய நாடாளுமன்றம் அந்த நடவடிக்கையைக் கண்டித்துத் தீர்மானம் நிறைவேற்றியது. 1989 வெளியேற்றத்தை 'இனச் சுத்திகரிப்பு' என்றே அது குறிப்பிட்டது.

கணக்கு பார்த்தால்

அரசு விழுந்ததோடு அரசு சினிமாவும் விழுந்தது. சிப்பாய்களை இலவசமாக அனுப்பும் ராணுவம் இல்லை, நஷ்டத்தைப் பற்றிக் கேட்காத கஜானா இல்லை. 'பிரிவின் காலம்' அளவுக்கு ஒரு படத்தை ஸ்டைகோவ் அதற்குப் பிறகு எடுக்கவில்லை. சோஃபியாவின் பொயானா ஸ்டூடியோ 2000களின் நடுவில் அமெரிக்க நிறுவனம் ஒன்றின் கைக்குப் போயிற்று. அஸ்பாரூக்கின் குதிரைகள் ஓடிய நாட்டில் ஹாலிவுட்டின் கிரேக்கர்களும் பாரசீகர்களும் சண்டை போட்டார்கள். 2014ல் வந்த '300: ரைஸ் ஆஃப் ஆன் எம்பயர்' அங்கே எடுக்கப்பட்டதுதான்.

ஸ்டைகோவை எந்தக் கணக்கில் வைப்பது? அரசின் கூலிக்காரர் என்று ஒதுக்கிவிடலாம். அப்படிச் செய்தால், கட்சியின் சங்கடத்தைத் திரைக்குக் கொண்டுவந்ததும், தடுக்கப்பட்ட கவிஞருக்கு வேலை கொடுத்ததும் கணக்கில் வராமல் போகும். மகா கலைஞர், அரசியல் அவருக்குச் சம்பந்தமில்லை என்று மாலை போடலாம். அப்படிச் செய்தால் பெலெனெ தீவில் அடைபட்டவர்களை மறந்துவிட வேண்டும். திறமை இருந்ததால்தான் அவருடைய படத்தால் தீங்கும் அதிகம் விளைந்தது. திறமையில்லாத பிரசாரப் படத்தை யார் கால் நூற்றாண்டு கழித்து முதலிடத்தில் வைப்பார்கள்?

2015ல் வாக்களித்தவர்களில் எத்தனையோ பேருக்கு 1984-85 குளிர்காலம் நேரடியாகத் தெரியாது. அவர்களுக்கு அது மலை, பாட்டு, தியாகம், கண்ணீர் கொண்ட ஒரு நல்ல படம். அந்த ரசனையில் தவறு காண முடியாது. ஆனால் அதே தொலைக்காட்சியை அதே நாட்டில் பார்த்துக்கொண்டு, எழுந்து அடுத்த அறைக்குப் போகும் குடும்பங்களும் உண்டு. அவர்களுக்குப் படத்தின் முதல் ஆண்டு ஒரு பொருட்டே இல்லை. இரண்டாவது ஆண்டு நன்றாகவே நினைவிருக்கிறது, ஏனென்றால் அந்தச் சமயத்தில் அவர்கள் வேறு பெயரில் வாழ்ந்துகொண்டிருந்தார்கள்.

சரித்திரப் படங்களுக்கு எந்த நாட்டிலும் பஞ்சமில்லை. வாள்களும் யானைகளும் வந்து போன பின், விளக்கு போடுவதற்கு முன், ஒரு சிறு எண் திரையில் தோன்றும். அது படம் எடுத்த ஆண்டு. எழுந்து கிளம்பும் முன் அதை ஒரு முறை படித்துவிடுவது நல்லது. அந்த ஆண்டில் யார் யாரிடம் எதைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள் என்று வீட்டுக்குப் போகும் வழியில் யோசித்துப் பார்க்கலாம்.